பொதுக் கோப்பு

இறந்துபோன மகன் படம் வரைந்துகொண்டிருந்த மென்பொருளைக் கணினியிலிருந்து மருதாசலம்தான் நீக்கினார். அந்த ஐகான் கண்ணில் படும்போதெல்லாம் அவர் மனைவி பூங்கோதை எம்பிராய்டரி வேலையைப் பாதியில் விட்டுவிட்டு எழுந்து போய்விடுவாள். அவள் குளிக்கப் போன நேரம் பார்த்து அழித்தார். இடையில் கணினி ஒரு கேள்வி கேட்டது: இந்தக் கோப்பை வேறு மென்பொருளும் பயன்படுத்தக்கூடும், இதையும் அழிக்கவா? எல்லாம் போகட்டும் என்று 'ஆம்' என்பதை அழுத்தினார்.

பூங்கோதை தலையைத் துவட்டிக்கொண்டே வந்து தன் எம்பிராய்டரி மென்பொருளைத் திறந்தாள். நேற்று பாதி வரைந்த மயில் இருந்தது. அதற்கு மேலே, மெனு இருந்த இடம் வெறும் சாம்பல் நிறப் பட்டையாகக் கிடந்தது.

"ஏனுங்க, மேல ஒண்ணையுமே காணமுங்க."

கணினி பழுதுபார்க்கும் கதிரேசன் வந்து பார்த்தார். "ரெண்டும் ஒரே கம்பெனி சாஃப்ட்வேருங்க. மெனுவைக் காட்டுற ஃபைல் ரெண்டுக்கும் பொதுவுங்க. அழிச்ச சாஃப்ட்வேரைத் திரும்பப் போட்டாத்தான் அக்காவோடதும் வேலை செய்யும். போட்டுரட்டுங்களா?"

"போடுங்க" என்றது பூங்கோதைதான்.

மயிலுக்கு மேலே மெனு வந்துவிட்டது. மகனின் ஐகானும் வந்துவிட்டது. எல்லாம் சரிதானா என்று பார்க்கக் கதிரேசன் அதைத் திறந்தார். புதிதாகப் போட்டதால், மகன் முதன்முதலாகத் திறந்த நாளில் கேட்டதை அது மறுபடியும் கேட்டது.

"யூஸ் பண்றவங்க பேரைக் கேக்குதுங்க. யார் பேரைப் போடட்டுங்க?"

மருதாசலம் வாயெடுப்பதற்குள் பூங்கோதை விசைப்பலகையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். மகன் பெயரின் முதல் எழுத்தை அடித்தாள். அடுத்த எழுத்து எங்கே இருக்கிறது என்று வெகுநேரம் தேடிக்கொண்டிருந்தாள்.