கல்லுக்குக் கொடுத்த பெயர்

இந்தக் கோபுரத்தின் கல் கயிற்றுக்கு எழும்பாது. கல்லில் வெட்டிய குழியில் வாய்வைத்து ஒரு பெயரைச் சொன்னால் பஞ்சாக எழும்பும். சொன்னவருக்கு அந்தப் பெயர் அடியோடு மறந்துபோகும். ஏழு தலைமுறையாக இப்படித்தான் கட்டுகிறார்கள். நடுப்பகல் வெயிலில் இன்று சித்தாள் ஒருத்தியின் முறை. "செத்துப்போன உன் பொண்ணு பேரைச் சொல்லிடுக்கா, மனசு லேசாகும்," என்கிறாள் சுண்ணாம்பு குழைப்பவள். "கல்லுதான் லேசாகும்," என்கிறாள் அவள். மகள் இறந்த போன மாதத்திலிருந்தே அவளுக்கு அழுகை வருவதில்லை. அந்த வெயிலிலும் உதட்டில் கல் சில்லென்கிறது. மூச்சளவில் சொல்கிறாள். எழும்பும் கல்லின் நிழல் அவள் முகத்தைக் கடந்துபோகிறது. மேஸ்திரி பதிவேட்டைப் பார்த்து யாரையோ பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார். ஒருவரும் போகவில்லை. "உன்னைத்தான்க்கா," என்று தோளைத் தொடுகிறாள் சுண்ணாம்பு குழைப்பவள். "என் பேரா அது?" என்கிறாள் அவள். நாக்கின் அடியில் மகளின் பெயர் பத்திரமாக இருக்கிறது.