டிரா தாத்தா வரவில்லை

"உங்களுக்கென்ன, உட்கார்ந்த இடத்துலயே ஒரு பாயின்ட்" என்று கிசுகிசுத்தார் பக்கத்து போர்டு கண்ணாடிக்காரர், வயிற்றெரிச்சலோடு.

அவளுக்கு அவர் மண்டையிலேயே ஒன்று போடலாம் போலிருந்தது. எதிர் நாற்காலி காலி. வெள்ளைக் காய்கள் அடுக்கிய இடத்திலேயே நிற்க, அந்தப் பக்கத்துக் கடிகாரம் மட்டும் யாரைப் பற்றியும் கவலைப்படாமல் ஓடிக்கொண்டிருந்தது.

வர வேண்டியவர் டிரா தாத்தா. கிராண்ட்மாஸ்டர். பதினேழு வயதில் தேசிய சாம்பியன். அதற்கப்புறம் யாரையும் பெரிதாக ஜெயித்ததும் இல்லை, யாரிடமும் சுலபத்தில் தோற்றதும் இல்லை. அவருடைய டோர்னமென்ட் கணக்கில் பாதிக்கு மேல் டிராதான்.

காய்ச்சலோடு வந்து ஆடியிருக்கிறார், மகள் கல்யாணத்தன்று மாலையில் வந்தும் ஆடியிருக்கிறார். ஒரு ரவுண்டுக்குக்கூட வராமல் இருந்ததில்லை. மூட்டுவலிக்காரர் என்பதால் போகும் ஊருக்கெல்லாம் ஒரு சிவப்புக் குஷனும் கூடவே வரும். அதைப் போட்டு உட்கார்ந்து, கொஞ்ச நேரம் காய்களை நகர்த்திவிட்டு, சமாதானமாகக் கையை நீட்டிவிடுவார்.

அவளுக்கு வேண்டியதும் அந்த ஒரு டிராதான். ஆஸ்பத்திரி மருந்தகத்தில் மாத்திரை எடுத்துக் கொடுத்துக்கொண்டு, ஒவ்வொரு லீவுக்கும் கெஞ்சிக்கொண்டு, இத்தனை வருஷமாக இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டத்துக்காக அலைகிறாள். பட்டம் வாங்க மூன்று போட்டிகளில் தகுதி காட்ட வேண்டும். இரண்டு முடிந்தது, இது மூன்றாவது. இன்னொரு முறை லீவு கேட்டால் அப்படியே வீட்டிலேயே இருந்துகொள்ளச் சொல்லியிருந்தார் மேலதிகாரி.

காலையில் லாட்ஜில் கணவன் இதையெல்லாம் மறுபடி முதலிலிருந்து கேட்டான். செஸ்ஸில் அவனுக்குத் தெரிந்தது குதிரைக்கு நாலு கால் என்பது மட்டும்தான். ஆனாலும் எல்லா டோர்னமென்டுக்கும் பையைத் தூக்கிக்கொண்டு முதல் ஆளாகக் கிளம்பிவிடுவான்.

"தோத்துட்டா?"

"எல்லாம் போச்சு."

"டிரா பண்ணா?"

"பட்டம்."

"அவரு வரவே இல்லைன்னா?"

"பாயின்ட் எனக்குத்தான்" என்றாள், வாயில் கவ்விய ஹேர்பின்னோடு. டிரா தாத்தாவாவது, வராமல் இருப்பதாவது. அதற்கு மேல் பாடம் நடத்த அவளுக்குப் பொறுமை இல்லை.

இப்போது பொறுமை சுத்தமாகப் போய்விட்டது. எழுந்து நடுவரிடம் போனாள்.

"சார், அவரு ரூமுக்கு ஒரு போன் பண்ணிப் பாருங்களேன்."

"பண்ணியாச்சும்மா. அப்பவே கிளம்பிட்டாராம். செல்போனை ரூம்லயே வெச்சுட்டு வந்திருக்காரு. ஹாலுக்குள்ள கொண்டு வரக் கூடாதுன்னு நாமதானே சொன்னோம்."

"கடைசி ரவுண்டுக்குன்னு எதுக்கு சார் ஹாலை மாத்தினீங்க? இந்த காலேஜ்ல எல்லாக் கட்டடமும் ஒரே மாதிரி இருக்கு. பாவம், எங்க போய் நிக்கிறாரோ."

"பரிசு குடுக்க மேடை வேணுமில்ல? அதெல்லாம் கேட்லயே அம்புக்குறி போட்டிருக்கோம்." நடுவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். "வேற யாரா இருந்தாலும் இந்நேரம் உள்ளுக்குள்ள குதிச்சிட்டிருப்பாங்க. நீங்க என்ன, எதிராளி வரணும்னு அழறீங்க?"

"இது பாயின்ட் கணக்கு இல்ல சார், பட்டத்துக் கணக்கு. ஏற்கெனவே பட்டம் வாங்கின மூணு பேரோடயாவது நான் உட்கார்ந்து ஆடியிருக்கணும். ரெண்டு பேரோட ஆடிட்டேன். மூணாவது ஆளு இவருதான்."

நடுவரின் முகம் மாறியது. "ஆமா" என்றார் மெதுவாக. "ஆடாத ஆட்டம் அதுல சேராது."

"கொஞ்சம் டைம் குடுங்க சார்."

"விதிப்படி அரை மணி நேரம்தான்மா. என் கையில எதுவும் இல்ல."

திரும்பி வந்து உட்கார்ந்தாள். காய்ச்சலில் வந்த மனுஷனுக்கு இன்றைக்கென்று என்ன கேடு வந்தது? தோற்றிருந்தால்கூடத் தன்னைத் திட்டிக்கொள்ளலாம். யாருமில்லாத நாற்காலியை என்னவென்று திட்டுவது? கதவுக் கண்ணாடியைப் பார்த்தாள். வழக்கமாக அதில் மூக்கை ஒட்டிக்கொண்டு நிற்கும் கணவனையும் காணோம். ஆறுதலுக்கு ஒரு முகம்கூட இல்லை.

கடைசி நிமிடத்தில் கதவு திறந்தது. பாதி எழுந்துவிட்டாள். தண்ணீர் கேனோடு ஒரு ஆள் உள்ளே வந்தார்.

நடுவர் கடிகாரத்தை நிறுத்தி, அவள் பெயருக்கு நேரே ஒன்று என்று எழுதினார். கண்ணாடிக்காரர் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார். அவள் பேனாவை மூடாமலே பையில் போட்டுக்கொண்டு வெளியே வந்தாள். படிகள் கண்ணுக்குக் கலங்கலாகத் தெரிந்தன.

கீழே கணவன் நின்றிருந்தான். கல்யாணப் போட்டோவில்கூட அவன் இவ்வளவு பல் தெரியச் சிரித்ததில்லை.

"பாயின்ட் வந்துடுச்சா?"

"வந்துச்சு" என்றாள். மேலே சொல்ல வாயைத் திறந்தவள், அவன் கக்கத்தில் இருந்ததைப் பார்த்து அப்படியே நின்றாள். சிவப்புக் குஷன்.

அவன் அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, அவள் காதருகே குனிந்தான்.

"பாவம், பெரியவரு பின்பக்கக் கட்டடத்துல இன்னும் ஹாலைத் தேடிக்கிட்டிருப்பாரு."