அணையாத எழுத்து

"எழுத்து படத்தோட ஒட்டிக்கணும் தம்பி. யார் எந்த பட்டனை அமுக்கினாலும் அணையக் கூடாது."

அந்தம்மா சொன்னதைக் கேட்டு ஆபரேட்டருக்குத் தலை சுத்திடுச்சு. பழைய கேசட்டையெல்லாம் கம்ப்யூட்டர் ஃபைலா மாத்திக் குடுக்கற கடை அவனோடது.

"அஞ்சு மணி நேரக் கல்யாணம்க்கா. கண்ணாடி மாதிரி மாத்தித் தரேன். பேசறதைக் கீழ காட்டற எழுத்தைத் தனியா வெச்சுடறேன். வேணும்னா போட்டுக்குங்க, வேணாம்னா அணைச்சுக்குங்க. படமும் கெடாது."

"கெட்டாப் பரவால்ல."

"உங்க வீட்ல தமிழ்தானே பேசறீங்க? தமிழுக்குக் கீழ தமிழா? வாழைப்பழத்து மேல வாழைப்பழம்னு எழுதி ஒட்டற மாதிரில்ல இருக்கும்."

அந்தம்மா சிரிக்கல. ஒரு தடி நோட்டை நீட்டினாங்க. யார் யார் என்ன பேசினாங்கன்னு, தும்மல் வரைக்கும் எழுதியிருந்தாங்க.

"நான் கேட்டுப் போட்டதுன்னு எங்க வீட்டுக்காரருக்கு மட்டும் தெரியக் கூடாது. கடைக்காரன் தப்பா பண்ணிட்டான்னு சொல்லிடுவேன்."

"என் தலையை உருட்டறதுன்னு முடிவே பண்ணிட்டீங்க."

புருஷன் ஆசையா பாக்கற படத்தைக் கெடுக்க இப்படி ஒரு பொம்பளையான்னு நெனச்சான். அந்தம்மா தெரு தாண்டினதும், "அணையக் கூடாது"ன்னு அவங்க குரல்லயே பேசிக் காட்டி பக்கத்துக் கடைக்காரரைச் சிரிக்க வெச்சான். ஆனா வேலைல குறை வெக்கல. பத்து நாள் உக்காந்து, ஒரு தும்மல் விடாம ஒட்டிக் குடுத்தான்.

அடுத்த வாரமே வீட்டுக்காரர் வந்து நின்னார். தெருவே திரும்பிப் பாக்கற குரல்.

"யாருய்யா எம்பொண்ணு கல்யாணப் படத்துல எழுத்தை ஒட்டினது?"

"நான்தாங்க. கை தவறிடுச்சு."

"என்ன?"

"கை தவறிடுச்சுங்க."

"வாய்க்குள்ளயே முணுமுணுக்காதே. சத்தமா சொல்லு."

மூணாந்தடவை அவன் கத்திச் சொன்னப்பதான் ஆபரேட்டருக்கு விஷயம் உறைச்சுது.

அவர் மேஜை மேல குனிஞ்சார்.

"கார்ல ஏறும்போது எம்பொண்ணு ஏதோ சொன்னா. நானும் 'பாத்துப் போம்மா'ன்னேன். 'மாத்திரை போட்டீங்களாப்பா'ன்னு கேட்டிருக்கா. நேத்துதான் படிச்சேன்."

பையிலேர்ந்து இன்னும் ஆறு கேசட்டை எடுத்து வெச்சார்.

"இதுலயும் கை தவறட்டும். எழுதி எழுதி எம்பொண்டாட்டி விரல் வீங்கிக் கெடக்கு, இந்தத் தடவை நீயே கேட்டு எழுதிடு. எனக்கு எல்லாம் தெரிஞ்சுபோச்சுன்னு மட்டும் அவகிட்ட மூச்சு விடாதே."