முதலாளிக்குக் காவல் இருந்த போன்

வேகம் குறைந்துவிட்டதென்று செண்பகவல்லி தன் போனை ரீசெட் செய்தாள். எழுந்ததும் அதற்குப் படம், பாட்டு, அவள் முகம் எதுவுமே ஞாபகமில்லை. ஆனால் பழைய கணக்கின் பாஸ்வேர்டு சொன்னால்தான் திறப்பேன் என்று அடம்பிடித்தது.

வாங்கிய அன்று கடைக்காரரே ஏதோ போட்டுக்கொடுத்த பாஸ்வேர்டு அது. அவளுக்கு எப்படித் தெரியும்? மகன் பெயர், குலதெய்வத்தின் பெயர் எல்லாம் அடித்துப் பார்த்தாள்.

"பேசாம திறந்துவிடேன்," என்றது நாலு வருஷமாகப் போனைக் கட்டிக்கொண்டிருந்த கவர்.

"முதலாளி பொருளைக் கண்டவங்க கையில குடுக்கச் சொல்றியா?"

அவள் அலுத்துப்போய்ப் போனை அலமாரியில் போட்டு மூடினாள்.

"எப்படிக் காப்பாத்தினேன் பார்த்தியா?" என்று மார்தட்டியது போன். "முதலாளியம்மா வந்தா எவ்வளவு சந்தோஷப்படுவாங்க."

"வந்துட்டுத்தான் போனாங்க," என்றது கவர்.