மாத்தூரின் கேட்ட தண்ணீர்

முதல் உலகப் போரில், பிரான்சின் வெர்தூன் போர்முனையில், பதுங்குகுழிக்கு முன்னிருந்த முள்வேலியருகே குண்டடிபட்டு விழுந்த சிப்பாய் மாத்தூரின், நான்கு நாள் தண்ணீர் கேட்டுக் கதறினான். யாரும் போகக் கூடாதென்று கார்ப்பரல் ஓதிலோன் தடுத்துவிட்டார். ஐந்தாம் நாள் சண்டை சற்று ஓய்ந்தபோது உடலை எடுத்துவந்து புதைத்தார்கள். குழி வெட்டியவன் மாத்தூரினின் ஊர்க்காரனான பிர்மேன்.

மறுநாள் காலை ரொட்டி தின்னும்போது பிர்மேன் எழுந்தான்.

"கார்ப்பரல், மாத்தூரின் மறுபடியும் முள்வேலிகிட்டேருந்து கூப்பிடுறான்."

"நீதானேடா மண்ணு தள்ளுன?"

"நான்தான். ஆனா என் பேரைச் சொல்லிக் கேக்குறான். இனிமேலும் காதைப் பொத்திக்கிட்டு உக்கார என்னால முடியாது."

பட்டப்பகலில் மேலேறி முள்வேலிவரை ஊர்ந்து போனான். எதிரி சுடவில்லை. கால் மணி நேரத்தில் திரும்பினான். நிரப்பிக் கொண்டுபோன குடுவை காலியாக இருந்தது.

"கொட்டிட்டியா?"

"குடிச்சிட்டான். இத்தனை நாளா உன்னைத் தடுத்தது யாருன்னு கேட்டான்."

கார்ப்பரல் தன் குடுவையை நிரப்பத் தொடங்கினார்.