இன்னொரு தடவை

"இல்லீங்க. இன்னொரு தடவை போடுங்க."

இதோடு பதினாலாவது தடவை. டப்பிங் இயக்குநர் பல்லைக் கடித்துக்கொண்டார்.

எந்திரங்கள் மனிதனை ஆட்டிப்படைக்கிற வெளிநாட்டுத் தொடர் அது. ஒவ்வொரு வாரமும் ஒரு தனிக்கதை. இந்தி டப்பிங்கில் ஏழு கதைகள் முடிந்திருந்தன. எட்டாவது கதையின் நாயகனுக்குக் குரல் கொடுத்தவர், பாதி வேலையிலேயே மாரடைப்பில் போய்ச் சேர்ந்துவிட்டார்.

மீதி வசனத்தை அவர் குரலிலேயே கம்ப்யூட்டரைப் பேச வைத்துவிடலாம் என்று கம்பெனி முடிவு செய்தது. அவர் மனைவியும் கையெழுத்துப் போட்டாள். ஒரே ஒரு நிபந்தனை. ஒவ்வொரு வசனத்தையும் கேட்டு, அவள் சரி என்ற பிறகுதான் படத்தில் சேர்க்க வேண்டும்.

ஆறு மணிக்குள் அனுப்பியாக வேண்டும். இப்போதே நாலரை. இன்னும் முப்பது வசனம் பாக்கி. கம்பெனியிலிருந்து போன் மேல் போன்.

திரையில் நாயகன், தன்னை உள்ளே விட மறுக்கும் சொந்த வீட்டிடம் மன்றாடிக்கொண்டிருந்தான். 'நான்தான் வந்திருக்கேன், கதவைத் திற' என்று இந்தியில் நாலைந்து வார்த்தைதான். அதற்கே இந்தப் பாடு.

"சார், எனக்கு எல்லாம் சரியாத்தான் கேக்குது," என்று கிசுகிசுத்தார் சவுண்ட் என்ஜினீயர். "வேணும்னே இழுத்தடிக்கிறாங்களோ?"

"கையில அதிகாரம் கிடைச்சா யாரு விடுவா? போடு, போடு."

குரல் மறுபடி ஒலித்தது. அவள் ஹெட்போனை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடிக் கேட்டாள்.

"இன்னொரு தடவை..."

இயக்குநர் பேனாவை விட்டெறிந்துவிட்டு எழுந்து அவளிடம் போனார்.

"அம்மா, உச்சரிப்பு தப்பா? ஏற்ற இறக்கம் சரியில்லையா? எதுன்னு சொன்னா ஒரு நிமிஷத்துல மாத்திடுவோம். சும்மா இன்னொரு தடவை, இன்னொரு தடவைன்னா எப்படி? எங்க பொழப்பையும் கொஞ்சம் நினைச்சுப் பாருங்க!"

அவள் பதறிப்போய் ஹெட்போனைக் கழற்றினாள்.

"மன்னிச்சுக்குங்க. தப்பு ஒண்ணும் இல்லீங்க."

"அப்புறம் என்ன?"

"எனக்கு இந்தியில ஒரு வார்த்தைகூடத் தெரியாதுங்க."

இயக்குநர் திகைத்து நின்றார். "தெரியாதா? பின்ன எதுக்கும்மா அந்த நிபந்தனை?"

அவள் ஹெட்போன் வயரை விரலில் சுற்றிக்கொண்டே தலைகுனிந்து சொன்னாள்.

"தொண்டை கெட்டுடும்னு வீட்டுக்கு வந்தா வாயே திறக்க மாட்டார். தண்ணி வேணும்னாக்கூட சைகைதான். கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷத்துல, இன்னிக்குத்தாங்க அவர் இவ்வளவு நேரம் பேசிக் கேக்கறேன்."