கழுவிய சாரன்

இன்ஷிரா சாரனை மூக்கருகே கொண்டுபோனாள். சவர்க்கார வாசம்.

பத்தொன்பது நாள் உப்புத் தண்ணீரில் ஊறவைத்து, மணலில் தேய்த்து, தேயிலைச் சாயம் ஏற்றி நடிகன் இடுப்பில் கட்டுவதற்காக அவளே பழசாக்கிய சாரன் அது. இப்போது வெளுத்து, அயன் பண்ணி, நான்காக மடித்து அவள் கையில் இருந்தது.

படப்பிடிப்புக்குத் தன் கடலோர வீட்டைத் தந்த சபியா உம்மா, உதவி செய்துவிட்ட நிறைவோடு பக்கத்தில் நின்றார்.

“படம் புடிக்கிற ஆக்களுக்கு உடுப்புக் கழுவவும் நேரமில்லையா மகள்? நாத்தம் தாங்கேலாமக் கிடந்திச்சு.”

வந்தவர்களின் அழுக்குத் துணி கிடந்தால் வீட்டுக்குத்தான் குறை. கல்முனைக்குடியில் பிறந்த இன்ஷிராவுக்கு அது தெரியும். தெரிந்தும் சொல்லிவைக்க மறந்துவிட்டாள்.

பதினொரு படங்களுக்கு உடை வடிவமைத்தவள். நான்கு படங்களுக்குக் கலை இயக்கம். தயாரிப்பது இதுதான் முதல் தடவை.

கடலுக்குப் போய்த் திரும்பாத ஒரு மீனவனின் கடைசிக் காலை. அதுதான் காட்சி.

தோணி இன்றைக்கு மட்டும்தான் கிடைக்கும். சூரியன் கடலிலிருந்து கிளம்ப இருபது நிமிடம்.

இயக்குநர் ஸஹீத் தலையில் கை வைத்தான். “முடிஞ்சி. மாப்பிள்ள மாதிரித்தான் வரப்போறான்.”

“அழுக்கோட ஆரு மனிசனக் கடலுக்கு அனுப்புற?” என்றார் சபியா உம்மா.

இன்ஷிரா சாரனின் மடிப்பைத் தடவிப் பார்த்தாள். அந்த மீனவனுக்கு ஒரு மனைவி இருக்கிறாள் என்பதே இப்போதுதான் தெரியவந்ததுபோல் இருந்தது.

“இதையே கட்டட்டும்.”

நடிகன் கதவைத் திறந்து வெளியே வந்தான். உரிந்த சுவர், துருப்பிடித்த வாளி, கிழிந்த வலை. எல்லாவற்றுக்கும் நடுவே, காலை வெளிச்சத்தில், மடிப்புக் கலையாத சாரன். யாரோ ஒருத்தி அவனுக்காக விடியுமுன் எழுந்திருக்கிறாள் என்று பார்த்ததுமே தெரிந்தது.

அவன் தோணியில் ஏறிய பிறகும் ஸஹீத் ‘கட்’ சொல்லவில்லை.

இன்ஷிரா வீட்டுக்குள் ஓடினாள்.

சபியா உம்மா அதைப் பார்க்க வெளியே வந்திருக்கவில்லை. அடுப்படியில் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றார்.

இன்ஷிரா அவருடைய கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். ஈரமான கை. இத்தனை படங்களில் யாருக்கும் இப்படி நன்றி சொன்னதில்லை.

“எங்கட அவர் கடலுக்குப் போன அண்டும் இப்பிடித்தான்,” என்றார் சபியா உம்மா. “மடிப்புக் கூடக் கலையல்ல.”

படத்தில் அந்த மீனவன் திரும்பி வரமாட்டான் என்பதை சபியா உம்மாவிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை.